மியூட் பொத்தானும் ஒரு சிம்பொனியும்

"படத்துக்கு உயிர் கொடுத்ததே மியூசிக்தான்" என்று சொல்லாமல் நம் ஊரில் சினிமாப் பேச்சு முடிவதில்லை. டீக்கடையிலும் சொல்வார்கள், விமர்சனத்திலும் எழுதுவார்கள். ரீ-ரெக்கார்டிங்குக்கு முன்னால் படத்தைப் பார்த்தவர் உதட்டைப் பிதுக்கினார், அதற்கப்புறம் பார்த்தவர் கைதட்டினார் என்கிற கதைகளைக் கேட்டே வளர்ந்த தலைமுறை நான். அந்த நம்பிக்கையோடு எனக்குச் சண்டை எதுவும் இருந்ததில்லை. போன மழைக்காலத்தில் நண்பர் ஒருவர் ஒரு சுட்டி அனுப்பி, கூடவே "மியூசிக்கைக் கேளுங்க, மிரட்டல்" என்று எழுதியிருந்தார். திறந்தால் விக்கிங் எக்கெலிங்கின் 'மூலைவிட்ட சிம்பொனி'. 1924இல் பெர்லினில் முடிக்கப்பட்ட படம், ஏழு நிமிடம் சொச்சம் ஓடும். யாரோ அதன்மேல் பியானோவையும் அடியில் ஒரு எலெக்ட்ரானிக் ரீங்காரத்தையும் ஏற்றியிருந்தார்கள். நன்றாகத்தான் இருந்தது. நன்றாக இருந்ததுதான் தொந்தரவே. ஏனென்றால் அந்தப் படத்துக்கு இசை கிடையாது. காசில்லாமலோ ஆள் கிடைக்காமலோ விட்டுப்போனதல்ல. ஒலியில்லாமல் பார்ப்பதற்கென்றே எக்கெலிங் எடுத்தது. சிம்பொனி நடப்பது திரையில். காதுக்கு அங்கே வேலை இல்லை.

ஊமைப்படக் காலத்தில் எந்தப் படமும் ஊமையாக ஓடியதில்லை, தியேட்டரில் ஒரு பியானோவாவது இருக்கும், அப்படியிருக்க இன்றைக்கு ஒருவர் இசை சேர்த்தால் என்ன குடி முழுகிவிட்டது என்று கேட்கலாம். நானே எனக்குள் கேட்டுக்கொண்டேன். ஆனால் அந்த வாதம் கதைப்படத்துக்குத்தான் சரிப்படும். 1920களில் ஜெர்மனியில் உருவமற்ற படங்களை எடுத்த இந்தக் கூட்டம் படத்தோடு இசை சேர்ந்து வரவேண்டும் என்று ஆசைப்பட்டதைவிட, படமே இசையாகிவிட வேண்டும் என்று ஆசைப்பட்டது. ஏறக்குறைய எல்லாரும் ஓவியர்கள். நின்ற இடத்திலேயே நிற்கும் ஓவியம் அவர்களுக்கு அலுத்துவிட்டது. ஒரு ஆலாபனையைக் கேட்டுவிட்டு 'இது எதோட படம்?' என்று யாரும் கேட்பதில்லை; ஒரு வட்டத்தையும் மூன்று கோடுகளையும் வரைந்தால் மட்டும் உடனே கேட்கிறார்கள். இசைக்கு இருக்கும் அந்தச் சுதந்திரத்தின் மேல்தான் இவர்களுக்குக் கண்.

எக்கெலிங் ஸ்வீடன்காரர். 1918இல் சூரிச்சில், கலை மரபையெல்லாம் கேலி செய்த டாடா இயக்கத்தின் கவிஞர் திரிஸ்தான் சாரா அவரை ஓவியர் ஹான்ஸ் ரிக்டருக்கு அறிமுகப்படுத்தி வைத்தார். ரிக்டரிடம் இசையமைப்பாளர் புசோனி ஏற்கெனவே, பழைய ஜெர்மன் இசை மேதை பாக்கின் கவுண்டர்பாயின்ட்டை, அதாவது பல மெட்டுகளை ஒன்றோடொன்று பின்னும் முறையை, படி, உன் ஓவியச் சிக்கலுக்கு விடை அங்கே இருக்கிறது என்கிற மாதிரி சொல்லியிருந்தார். எக்கெலிங்கோ ஓவியத்துக்கும் ஒரு அடிப்படை ஸ்வர இலக்கணம் உண்டு என்று நம்பி, அதைப் பல வருடங்களாகக் கோடு கோடாகத் தேடிக்கொண்டிருந்தவர். இருவரும் சேர்ந்து நீளமான காகிதச் சுருள்களில் வடிவங்களை வரிசையாக வரைந்து பார்த்தார்கள். ஒரு வடிவம், அதன் மாற்றம், அதற்கு எதிர் வடிவம், இரண்டும் சந்திப்பது. சுருளைப் பார்க்கிற கண் தானாகவே இடமிருந்து வலம் ஓடுகிறது; அப்புறம் சினிமாவுக்குப் போகாமல் எப்படி இருக்க முடியும்? இசையிலிருந்து அவர்கள் கடன் வாங்கியது அதன் இலக்கணத்தை மட்டும்தான். சத்தத்தை வாங்கவில்லை.

ஒலியை அணைத்தபின்

சுட்டியை மறுபடி திறந்து மியூட் பண்ணினேன். செல்போனில் இல்லை, கொஞ்சம் பெரிய திரையில், அறை விளக்கை அணைத்துவிட்டு. முதல் நிமிடம் கஷ்டமாகத்தான் இருந்தது. கறுப்புப் பின்னணியில் வெள்ளை உருவம் ஒன்று சாய்வாக நிற்கிறது: ஒரு வளைவு, அதிலிருந்து பல் பல்லாக இறங்கும் இணைகோடுகள். அந்தக் கோடுகள் எல்லாம் ஒரே நேரத்தில் வருவதில்லை. ஒன்று நீள்கிறது, அடுத்தது நீள்கிறது, வளைவு தன்னைப் பூர்த்தி செய்துகொள்கிறது, பிறகு முதலில் வந்ததே முதலில் சுருங்கி மறைகிறது. இன்னொரு உருவம் எதிர்ச் சாய்வில் வருகிறது. ஒருமுறை வந்தது கொஞ்ச நேரம் கழித்துத் தலைகீழாக, அல்லது பாதி மட்டும், அல்லது இரட்டை வேகத்தில் திரும்ப வருகிறது. பழக்கதோஷத்தில் என் வலது கை தொடையில் தாளம் போட ஆரம்பித்துவிட்டது. ஆதியில் போட்டுப் பார்த்தேன், உட்காரவில்லை. ரூபகத்திலும் உட்காரவில்லை. எந்த எண்ணிக்கைக்கும் அது அடங்கவில்லை என்பது புரிந்ததும் கையை நிறுத்திவிட்டேன். அதற்குப் பிறகுதான் படம் பிடிபட்டது. அங்கே இருந்தது அடி அல்ல, பிரயோகம். ஒரு பிடியை எடுத்துக்கொண்டு அதை நீட்டி, குறுக்கி, திருப்பி, அதற்கே பதிலாக வைக்கும் வேலை. ஏழு நிமிடம் போதவில்லை; உடனே இன்னொரு முறை ஓட்டினேன்.

அந்தக் கோடு ஒரு அங்குலம் நீள்வதற்குப் பின்னால் இருக்கும் உழைப்பைச் சொல்ல வேண்டும். எர்னா நீமையர் என்கிற இளம் பௌஹௌஸ் கலைப்பள்ளி மாணவி எக்கெலிங்குக்குத் துணையாக இருந்தார். உருவங்களைத் தகட்டுத்தாளில் வெட்டி, கேமராவின் கீழே வைத்து, கொஞ்சம் கொஞ்சமாகத் திறந்து அல்லது மூடி, ஒவ்வொரு ஃபிரேமாகப் பிடித்தார்கள். அதாவது ஒவ்வொரு கோட்டின் வேகமும், அது எங்கே தயங்கவேண்டும், எங்கே சட்டென்று முடியவேண்டும் என்பதும், கையால் முடிவு செய்யப்பட்டவை. ஒரு வருடத்துக்கு மேல் போன வேலை. 1925 மே 3 அன்று பெர்லினில் 'முழுமுதல் சினிமா' என்ற பெயரில் ஒரு ஞாயிற்றுக்கிழமைக் காலைக்காட்சி நடந்தது. படம் பொதுமக்கள் முன்னால் வந்தது அங்கேதான். மே 19இல் எக்கெலிங் இறந்துவிட்டார். எனவே இன்றைக்கு யார் என்ன சேர்த்தாலும் கேட்க ஆளில்லை.

திரும்ப ஒலியைப் போட்டபோது நடந்தது விசித்திரம். பியானோவில் ஒரு கனமான ஸ்வரக்கூட்டு (chord) விழுகிறது. அதே கணத்தில் நீளும் ஒரு கோடு மட்டும் எனக்குத் தெரிகிறது. அதற்கு எதிரே சத்தமில்லாமல் சுருங்கிக்கொண்டிருக்கும் மற்ற மூன்று கோடுகள் காணாமல் போய்விடுகின்றன. திரையில்தான் இருக்கின்றன, என் கண்தான் போகவில்லை. காது எங்கே கை காட்டுகிறதோ அங்கே கண் ஓடிவிடுகிறது. பிரெஞ்சுக்காரர் மிஷெல் ஷியோன், படத்தில் ஒலி செய்யும் வேலைகளைப் பற்றியே வாழ்நாளெல்லாம் எழுதியவர், இதற்கென்று ஒரு பயிற்சி வைத்திருக்கிறார்: ஒரே காட்சிக்கு ஒன்றுக்கொன்று சம்பந்தமில்லாத இசைகளைப் போட்டுப் பார்ப்பது. கட்டாயக் கல்யாணம் என்று அதற்குப் பெயர். நானும் ஒரு கட்டாயக் கல்யாணம் பண்ணி வைத்தேன். கையில் கிடைத்த ஒரு மல்லாரியை, தவிலும் நாதஸ்வரமுமாக, எக்கெலிங்கின் தலையில் கட்டினேன்.

பொருந்தியது. சிரிப்பாக இருக்கிறது, ஆனால் பொருந்தியது. தவில் தீர்மானம் வைக்கிற இடத்தில் ஒரு வளைவு முடிகிறது, நாதஸ்வரம் மேலே ஏறும்போது கோடுகள் ஏறுகின்றன. சாமி புறப்பாட்டுக்கு என்றே எக்கெலிங் அதை வெட்டினாரோ என்று தோன்றும். அதற்குப் பிறகு 'மிரட்டல்' என்ற அந்தப் பியானோவின் மேல் எனக்கு இருந்த மரியாதை கொஞ்சம் இறங்கிவிட்டது. எதைப் போட்டாலும் ஒட்டும் என்றால், ஒட்டுவது அந்த இசையமைப்பாளரின் திறமையா, நம் கண்ணும் காதும் சேர்ந்து செய்யும் சமாளிப்பா? இரண்டு விஷயங்கள் ஒரே நேரத்தில் நடந்தால் ஒன்றால்தான் மற்றது நடந்தது என்று மூளை தானாகவே முடிச்சுப் போட்டுவிடுகிறது. பின்னணி இசையை நாம் பாராட்டுகிற பாதிப் பாராட்டு இந்த முடிச்சுக்குத்தான் போய்ச் சேரவேண்டும் என்று இப்போது நினைக்கிறேன். இதைச் சொன்னால் ரசிகர்கள் அடிக்க வருவார்கள், தெரியும்.

செல்லோ வாசித்த இயக்குநர்

இதற்காக, சோதனைப் படங்கள் எல்லாவற்றையும் மியூட் பண்ணிவிடுங்கள் என்று கிளம்ப முடியாது. வால்டர் ருட்மன் இருக்கிறார். அவரும் ஓவியர்தான், 'காலத்தைக் கொண்டு தீட்டும் ஓவியம்' என்று பேசியவர். அவருடைய 'ஓபஸ் 1' 1921 ஏப்ரல் 27இல் பெர்லினின் மார்மோர்ஹவுஸ் தியேட்டரில் வெளியானது, மாக்ஸ் புட்டிங் அதற்கென்றே எழுதிய தந்திவாத்திய இசையோடு. வாசித்தது ஐந்து பேர் கொண்ட குழு. செல்லோ வாசித்தது ருட்மனே. வாசிப்பவர்கள் படத்தோடு ஒத்துப்போக வேண்டுமே, அதற்காக இசைக்குறிப்புத் தாளிலேயே அந்தந்த இடத்தில் திரையில் என்ன வரும் என்று சின்னச் சின்னதாக வரைந்து வைத்திருந்தார்கள். படத்தில் கண்ணாடிமேல் தீட்டிய உருண்டைகள் கீழிருந்து பொங்கி வரும், கூர்மையான முக்கோணங்கள் குத்திக்கொண்டு உள்ளே நுழையும், வண்ணமெல்லாம் கையால் ஏற்றியது. அந்த இசையோடு பார்க்கும்போது தந்திகளின் இழுப்பும் உருண்டைகளின் பொங்கலும் ஒருவரையொருவர் நெருக்குவதில்லை. காரணம் எளிது: இசை, படத்தின் நீளத்தையும் வளைவுகளையும் தெரிந்துகொண்டு எழுதப்பட்டது, படத்தைச் செய்தவரே வில்லைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். இங்கே மியூட் பண்ணினால்தான் பாதிப் படத்தைத் தூக்கி எறிந்த மாதிரி ஆகும்.

சரி, இசை சேர்வதும் சேராததும் எடுத்தவர் இஷ்டம், அதை மதித்தால் போதும் என்று இதை முடித்துக்கொள்ளலாம். ஆனால் பிரெஞ்சு இசையமைப்பாளர் எரிக் சத்தி என்னை அவ்வளவு சுலபமாக விடவில்லை.

ரெனே கிளேர் எடுத்த 'ஆந்த்ராக்ட்', பெயருக்கேற்றபடி, ஒரு பாலேயின் இடைவேளையில் காட்டுவதற்காக எடுக்கப்பட்டது. எழுதியவர் ஓவியர் பிக்காபியா. பாலே, படம் இரண்டுக்கும் இசை சத்தி. 1924 டிசம்பர் 4, பாரிஸின் ஷான்ஸ்-எலிசே தியேட்டர். படத்துக்கு இசை எழுதுவதற்கு முன்னால் சத்தி கிளேரிடம் கேட்டு வாங்கியது கதையை அல்ல, ஒவ்வொரு பகுதியும் எவ்வளவு நேரம் ஓடும் என்கிற கணக்கை. அந்தக் கணக்கை வைத்துக்கொண்டு குட்டிக் குட்டித் துணுக்குகளாக எழுதினார். ஒவ்வொரு துணுக்கும் சில தாளக்கட்டங்கள்தான். அதையே திரும்பத் திரும்ப வாசிக்க வேண்டும். படம் சற்று நீண்டால் இன்னொரு சுற்று, சுருங்கினால் ஒன்று குறைத்துக்கொள்ளலாம். 1924இல் புரொஜெக்டர் வேகத்தை யார் நம்புவது? அந்தத் தொழில்நுட்பக் கஷ்டத்திலிருந்து சத்தி ஒரு அழகியலையே உண்டாக்கிவிட்டார்.

பிண ஊர்வலக் காட்சியைப் பாருங்கள். சவ வண்டியை ஒட்டகம் இழுக்கிறது. பின்னால் கனவான்களும் சீமாட்டிகளும் ஸ்லோமோஷனில் குதித்துக் குதித்து வருகிறார்கள். இசையில் ஷோபனின் சவ ஊர்வல இசையைக் கிண்டல் செய்யும் ஒரு சாயல் வருகிறது, அழவும் இல்லை, சிரிக்கவும் இல்லை. வண்டி ஒட்டகத்திடமிருந்து கழன்றுகொண்டு தானாக ஓட ஆரம்பித்து, ஊர்வலமே அதைத் துரத்தி, கேமரா ரோலர்கோஸ்டரில் ஏறி, உலகம் தலைகீழாகச் சுற்றும்போதும் சத்தி பதறுவதில்லை. துணுக்கு முடிகிறது, மறுபடி அதே துணுக்கு. இன்றைய படமாக இருந்தால் அந்த இடத்தில் தாளவாத்தியம் நூறு பேர் அடித்துத் துவைத்திருப்பார்கள். சத்தியின் இசை எனக்கு எதைப் பார்க்கவேண்டும் என்று சொல்வதே இல்லை. கண்ணை அதன் போக்கில் விட்டுவிட்டுத் தன் கணக்கைத் தான் பார்த்துக்கொள்கிறது. நான்கு வருடம் முன்னால், 1920இல், இதே மனிதர் 'மரச்சாமான் இசை' என்று ஒன்றை ஒரு ஓவியக்கூடத்தில் வாசிக்கவைத்து, யாரும் கவனிக்காதீர்கள், பேசிக்கொண்டே இருங்கள் என்று பார்வையாளர்களை விரட்டியவர். அந்தப் பழைய விளையாட்டு சினிமாவில் வந்து பலித்துவிட்டது. படத்தோடு நொடிக்கணக்காகப் பேசி வைத்துக்கொண்டு எழுதப்பட்ட இசைதான் படத்தை இவ்வளவு சும்மா விடுகிறது என்பது எனக்கு இன்னும் ஆச்சரியம். புட்டிங்கிடம் இது இல்லை. அவர் படத்தோடு நடக்கிறார். சத்தி அதே அறையில் உட்கார்ந்திருக்கிறார், அவ்வளவுதான்.

'ஆந்த்ராக்ட்' வந்த அதே 1924இல் ஃபெர்னான் லெஜேயும் டட்லி மர்ஃபியும் எடுத்த 'பாலே மெக்கானிக்' இதற்கு நேர் எதிர். ஜார்ஜ் ஆந்தைல் அதற்கென்று எழுத ஆரம்பித்த இசை படத்தைவிட ஏறக்குறைய இரண்டு மடங்கு நீளமாகிவிட்டது. 16 தானியங்கிப் பியானோக்கள் ஒன்றாக ஓடவேண்டும் என்று கேட்டார். அவற்றை ஒருங்கே ஓட்ட அன்றைக்கு வழியில்லை. படம் 1924இல் வியன்னாவில் தனியாகக் காட்டப்பட்டது, இசை 1926இல் பாரிஸிலும் 1927இல் நியூயார்க்கிலும் தனியாக வாசிக்கப்பட்டது. இரண்டையும் எழுதியபடியே சேர்க்கக் கணினி வரவேண்டியிருந்தது. சேர்த்த வடிவத்தைப் பார்த்தேன். பதினைந்து நிமிடத்துக்கு மேல் இரண்டு இயந்திரங்கள் ஒன்றையொன்று முந்தப் பார்க்கின்றன, தலைவலி. அதில் ஒரு பெண், தோளில் மூட்டையோடு, படிக்கட்டில் ஏறுகிறாள். உச்சிக்கு வந்து கையை நீட்டும்போது வெட்டி, மறுபடி கீழிருந்து. மறுபடி. மறுபடி. ஒலியில்லாமல் பார்த்தால் முதலில் சிரிப்பு வருகிறது, ஏழெட்டு முறைக்குப் பிறகு அவள் முகத்தைப் பார்க்க ஆரம்பிக்கிறோம், அப்புறம் யாராவது இவளை மேலே விடுங்கய்யா என்று ஆகிவிடுகிறது. ஆந்தைல் உறுமிக்கொண்டிருந்தபோது எனக்கு அவள் முகமே தெரியவில்லை.

ஃபிஷிங்கர் போய்ச் சேர்ந்த இடம்

இந்த விவகாரம் முழுவதையும் ஒரே ஆளின் வாழ்க்கையில் பார்க்கவேண்டும் என்றால் ஆஸ்கர் ஃபிஷிங்கர்தான். 1921இல் ஃபிராங்க்ஃபர்ட்டில் ருட்மனின் 'ஓபஸ் 1'ஐப் பார்த்து மயங்கிய இளைஞர். பத்து வருடத்துக்குள் அவர் 'ஸ்டடி' என்று எண் போட்டு எடுத்த படங்கள் தியேட்டர்களில் ஓடின. காகிதத்தில் கரித்துண்டால் வரைந்து, நெகட்டிவில் வெள்ளைக் கோடுகளாக மாற்றியவை. 7ஆம் எண் ஜெர்மன் இசையமைப்பாளர் பிராம்ஸின் 'ஹங்கேரிய நடனம்' என்ற இசைக்கு எடுத்தது. வயலின் வெட்டி வெட்டி வாசிக்கும் இடங்களில் கோடுகள் கத்தியாகப் பாய்கின்றன. இழுத்து வாசிக்கும் இடங்களில் துணி போல் வளைகின்றன. பிசிறே இல்லை. இவற்றில் சில, புதிதாக வந்த கிராமபோன் ரெக்கார்டுகளுக்கு விளம்பரமாகவும் வேலை செய்தன. கேட்டீர்களா, பிடித்ததா, கடையில் கிடைக்கும். 8ஆம் எண்ணில் இசையின் பிற்பாதிக்கு உரிமை கிடைக்காமல் படமும் பாதியிலேயே நின்றுவிட்டது. இசைத்தட்டுக்கு வாக்கப்பட்டால் இதெல்லாம் உண்டு.

நாஜிகள் உருவமற்ற கலையை விரட்டியபோது 1936இல் ஹாலிவுட் போனார். டிஸ்னியின் 'ஃபேண்டேசியா'வில் பாக் பகுதிக்குச் சில மாதங்கள் வேலை செய்தார். அவர் போட்ட வடிவங்களை, பார்ப்பவர்களுக்கு எதையாவது ஞாபகப்படுத்தும்படி மாற்றிக்கொண்டே போனார்கள், வெளியேறிவிட்டார். இசை, உருவமற்ற படத்துக்கு ஒரு கைப்பிடி என்றுதான் அவர் ஆரம்பித்திருக்க வேண்டும்: புரியவில்லை என்று கத்துகிற பார்வையாளரிடம், பிராம்ஸ் தெரியுமல்லவா, அதைப் பிடித்துக்கொண்டு வாருங்கள் என்று சொல்ல. வந்தவர்கள் பிராம்ஸைப் பார்த்துவிட்டுப் போனார்கள். 1942இல் அவர் எடுத்த 'ரேடியோ டைனமிக்ஸ்' ஒரு அட்டையோடு தொடங்குகிறது. தயவுசெய்து இசை வேண்டாம், இது வண்ணத்தாலும் லயத்தாலும் ஒரு சோதனை என்கிறது அது. நான்கு நிமிடம், சதுரங்கள் விரிகின்றன, வண்ணங்கள் மின்னி மாறுகின்றன, வட்டங்கள் நம்மை நோக்கி வருகின்றன, ஒரு சத்தம் இல்லை. இசையோடு இவ்வளவு நெருக்கமாகப் படம் செய்தவர் அந்தக் காலத்தில் வேறு யாரும் இல்லை என்பேன். அவரே எக்கெலிங் நின்ற இடத்துக்கு வந்து சேர 18 வருடம் ஆகியிருக்கிறது. அப்புறமும் பாக்கிடம் ஒருமுறை திரும்பினார், 1947இல். அந்தப் படத்தில் பாக் ஒரு பக்கம் ஓட, தூரிகை தன்பாட்டுக்குச் சுருள் சுருளாகப் போகிறது. சத்தி வழி.

இவ்வளவு கறாராகப் பேசிவிட்டு அமெரிக்கச் சோதனைப்பட இயக்குநர் மாயா டெரனிடம் வந்தால் நான் மாட்டிக்கொள்கிறேன். 'மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்' 1943இல் அலெக்சாண்டர் ஹம்மிட்டோடு சேர்ந்து அவர் எடுத்தது. அப்போது அதற்கு ஒலி கிடையாது. டெய்ஜி இட்டோவின் இசை சேர்ந்தது 1959இல், 16 வருடம் கழித்து. ஜப்பானியச் சாயலுள்ள குழலும் தட்டலும். நான் முதலில் பார்த்தது அந்த இசையோடுதான். பல வருடம் கழித்து மியூட்டில் பார்த்தேன்: சாவி படியில் குதித்து இறங்குகிறது, கத்தி ரொட்டியிலிருந்து வழுக்கி விழுகிறது, ஒவ்வொரு இடத்திலும் இட்டோவின் தட்டலை என் மண்டையே போட்டுக்கொள்கிறது. எக்கெலிங்குக்கு வைத்த சட்டத்தை இங்கே அமல்படுத்த எனக்கு மனம் வரவில்லை. டெரன் உயிரோடு இருந்து தானே சேர்த்துக்கொண்ட இசை அல்லவா என்று ஒரு சமாதானம் சொல்லலாம், அது செல்லவும் செல்லும். ஆனால் எனக்கு உண்மையான காரணம் அதுவல்ல. பழகிவிட்டது.